அலரி உடைக்காத வெதும்பி

"உடைக்க மாட்டேன்!"

அலரியின் குரல் உவர்க்கோட்டைச் சதுக்கம் முழுக்கக் கேட்டது.

அந்த ஊரில் உப்புக் குகைக்குள் யார் இறங்கினாலும் அவர் பெயரில் வீட்டார் ஒரு வெதும்பி சுட்டுக் கல்மேடையில் வைப்பார்கள். பார்க்கச் சோமாசி மாதிரி இருக்கும். உள்ளே வெல்லப் பூரணம், ஓரமெல்லாம் கைமடிப்பு. போனவர் உயிரோடு இருக்கும்வரை அது ஆறாது! அவர் திரும்பிய பிறகுதான் அதைத் தின்னலாம். முன்பே யாராவது கடித்தால் குகைக்குள் போனவரின் உயிர் போய்விடும் என்பது விதி. ஒன்பதாம் நாளும் வராவிட்டால் வெதும்பியை உடைத்து, அவர் இறங்கிய குகை வாயைச் சுவர் எழுப்பி மூடிவிடுவார்கள்.

அலரியின் அண்ணன் மாறையனுக்கு இன்று ஒன்பதாம் நாள்.

"தொட்டுப் பாருங்க தலைவரே, சுடுது!"

தலைவர் ஓதலார் கையை நீட்டவே இல்லை. "வெயில்ல கிடந்தா கல்லுகூடத்தான் சுடும். அதுவும் இது என்ன மாவு? கேழ்வரகு! உங்களை மாதிரி கடல் தாண்டி வந்தவங்க எதை உருட்டி வச்சாலும் வெதும்பி ஆயிடுமா? கொத்தனாரே, சுவரை ஆரம்பிங்க!"

கூட்டம் சிரித்தது. அலரி வெதும்பியைப் பிடுங்கி முந்தானையில் முடிந்துகொண்டு ஓடினாள்!

"ஏய்! அது மேடையை விட்டு இறங்கக் கூடாது!"

"இறங்கிடுச்சு!"

குகை வாயில் துடியன் பந்தமும் கடப்பாரையுமாக நின்றிருந்தான். மாறையனோடு வேலை செய்தவன். குகைக் கூரை இடிந்து மாறையன் உள்ளே சிக்கிய அன்று பயந்து ஓடிவந்தவன். ஒன்பது நாளாக அலரியின் முகத்தைப் பார்க்காமல் ஒளிந்து திரிந்தவன்.

"நானும் வரேன்," என்றான்.

"பயமா இல்லையா?"

"இருக்கு. பேசாம நட, இல்லேன்னா திரும்பிடுவேன்."

உள்ளே போகப் போகக் குளிர் எலும்பைக் குடைந்தது. பாதை மூன்றாகப் பிரிந்தது. இடிந்த பாறைகளுக்கு நடுவே எது பழைய வழி என்று துடியனுக்குத் தெரியவில்லை. அலரி இடப்பக்கம் நாலடி வைத்தாள். முந்தானையில் இருந்த சூடு சட்டென்று தணிந்தது! அலறிப் பின்வாங்கினாள். சூடு திரும்பியது. வலப்பக்கம் திரும்பினாள். இன்னும் சுட்டது!

"துடியா, இது வழி சொல்லுது!"

"கேழ்வரகா சொல்லுது?"

"கேழ்வரகுதான் சொல்லுது, நடடா!"

இதுவரை யாரும் வெதும்பியைக் குகைக்குள் கொண்டுவந்ததில்லையே! யாருக்குத் தெரிந்திருக்கும்?

கழுத்தளவு உப்புநீர். அலரி வெதும்பியைத் தலையில் வைத்துக் கடந்தாள், உச்சி கொதித்தது. மேலிருந்து உப்பு ஈட்டிகள் முறிந்து விழுந்தன. உருண்டார்கள், தவழ்ந்தார்கள், கடைசியில் ஒரு பெரிய பாறைப் பலகையில் முட்டி நின்றார்கள். ஓரத்தில் கை நுழையும் அளவுக்கு ஓர் இடுக்கு.

"அண்ணே!"

"அலரியா? மேலேருந்து நல்ல தண்ணி சொட்டுது… அதை நக்கித்தான் கிடக்கேன்."

துடியன் கடப்பாரையை நுழைத்து நெம்பினான். பாறை விரலளவு அசைந்து மறுபடி அமர்ந்தது. "உள்ளேருந்து தள்ளுடா மாறையா! ரெண்டு பக்கமும் சேர்ந்தாத்தான் சாயும்!"

"கையைத் தூக்கவே முடியலடா."

அலரி முந்தானையை அவிழ்த்தாள். துடியன் அவள் மணிக்கட்டைப் பிடித்தான்.

"வேணாம்! தின்னா செத்துருவான்!"

"தின்னலைன்னாலும் சாகத்தான் போறான். கையை விடு!"

"என் உயிரையே நான் தின்னணுமா, அலரி?" உள்ளிருந்து கேட்டான் மாறையன்.

"உனக்காகச் சுட்டதுதானே? ஊர் சொன்னதை ஊருக்குள்ள வச்சுக்குவோம். தின்னு!"

இடுக்கு வழியே வெதும்பி உள்ளே போனது. மெல்லும் சத்தம் கேட்டது. பிறகு ஒன்றுமே கேட்கவில்லை. அலரி மூச்சைப் பிடித்துக்கொண்டாள். துடியன் கண்ணை இறுக்க மூடிக்கொண்டான்.

"வெல்லம் கம்மி," என்றது உள்ளேயிருந்த குரல்.

அலரி சிரித்தாளா, அழுதாளா, அவளுக்கே தெரியாது. "கழுதை! தள்ளு!"

மாறையனின் நெஞ்சுக்குள் கனல் பரவியது. உள்ளிருந்து அவன் முட்ட, வெளியே இருவரும் நெம்ப, பாறை சாய்ந்தது!

குகை வாயில் சுவர் மார்பளவு எழும்பியிருந்தது. துடியன் ஓர் உதை விட்டான். ஈரச் சாந்தோடு கற்கள் சரிந்தன. மூவரும் வெயிலுக்குள் நடந்து வந்தார்கள்.

ஓதலாரின் வாய் திறந்தபடி நின்றது. "வெதும்பி எங்கே?"

"தின்னுட்டான்," என்றாள் அலரி.

"உள்ளேயேவா? விதி!"

"விதி தப்பு. இவன் நிக்கிறானே, பாருங்க."

கொத்தனார் கரண்டியைக் கீழே போட்டார். "நாளைக்கு நானும் உப்பு வெட்ட இறங்கறேன் தலைவரே. என் பேர்ல சுட்டதை எங்கிட்டயே குடுங்க. மடியில கட்டிக்கிறேன்."

கேட்டுப் பழகிய விதியைக்கூட ஒருதரம் தொட்டுப் பார்க்க வேண்டும் என்பதை அந்த ஊர் அன்று கற்றுக்கொண்டது.

மறுநாள் காலை ஓதலார் அடுத்த குகையின் வாயை மறித்து நின்று விதிகளை ஒவ்வொன்றாக உரக்கச் சொன்னார். பன்னிரண்டு பேர், மடியில் சூட்டோடு, அவரைச் சுற்றி ஒதுங்கிப் போய் உள்ளே இறங்கினார்கள்.