அத்தை கட்டிய தூளி

கூடத்தில் தொங்கியது வெறும் தூளி. பிரசவத்துக்கு ஆஸ்பத்திரி போன அம்மாவே இன்னும் திரும்பவில்லை. அதற்குள், நேற்றே, முத்துலட்சுமி அத்தை தன் டிரங்குப் பெட்டியிலிருந்து பழைய அரக்குப் புடவையை எடுத்து உத்தரத்தில் கட்டி, கயிற்றைப் புஷ்பத்தின் கையில் திணித்துவிட்டாள்.

"ஆட்டு."

அத்தைக்குப் பிறந்த பிள்ளை ஒன்றும் தங்கவில்லை. மயிலாப்பூரில் எங்கள் தெரு முழுக்கத் தெரிந்த சங்கதிதான். அவள் காதுபட மட்டும் பேசமாட்டோம். தியாகராய நகர் ஜவுளிக்கடையில் ஆட்களை விரட்டும் புஷ்பத்தின் அப்பா கருணாகரன்கூட அக்காவைக் கண்டால் வெளியே நழுவச் செருப்பைத் தேடுவார். மகள் காலையில் அழுதபோதும் அதையேதான் தேடினார். ஜப்பான்காரன் குண்டுக்குப் பயந்து பாதித் தெரு ஓடிவிட்ட வருஷம் அது. மிச்சப் பேர் பயப்பட இந்த அத்தை போதும்.

"வெறுந்தூளிய ஆட்டுனா பொறக்கிற பிள்ளைக்கு ஆகாதுன்னு அம்மா சொல்லும், அத்தை."

"வெறுந்தூளின்னு யாருடி சொன்னா?" பாயில் படுத்தபடி, கண்ணைத் திறக்காமல்.

புஷ்பம் பல்லைக் கடித்துக்கொண்டு இழுத்தாள். விளக்கு வெளிச்சம் வெளியே போகாதிருக்க ஜன்னலில் ஒட்டிய கறுப்புக் காகிதம் மத்தியான வெயிலில் பசை நாற்றமெடுக்க, உத்தரத்தில் கயிறு உராய்ந்து உராய்ந்து முனக, எங்கிருந்தோ புளித்த பாலும் வசம்பும் கலந்த வாடை மூக்கில் ஏற ஏற, தூளி நேற்றைவிட இன்று கனப்பதைக் கை முதலில் உணர்ந்தது, மனசு அப்புறம்.

"மாட்டேன்!" கயிற்றை வீசி எறிந்தாள். "இனிமே ஆட்டவே மாட்டேன், போங்க!"

அத்தை கத்தவில்லை.

"தூங்கிட்டிருந்தாங்க," என்றாள் அத்தை. "எழுப்பிட்டியே."

தூளி நிற்கவில்லை. வேகமெடுத்தது. அப்புறம் சட்டென்று நின்றது. புடவையை உள்ளிருந்து முட்டியது ஒரு குட்டிக் குதிகால். பக்கத்தில் இன்னொன்று. பிறகு, மூன்றாவது.

வாசலில் ஜட்கா வந்து நின்றது. அம்மாவின் குரல். "புஷ்பம்! தம்பிய வந்து பாரு!"

அத்தை எழுந்து தூளியை அகல விரித்துப் பிடித்தாள். "கொண்டு வரச் சொல்லு. இன்னும் இடம் இருக்கு."

புஷ்பம் ஓடினாள். வாசல் கதவைச் சாத்தினாள். தாழ் போட்டாள். முதுகால் அழுத்தி நின்றாள்.

"திறடி," என்றாள் அத்தை.

"மாட்டேன்."

வெளியே அம்மா தட்டினாள். பச்சைக் குழந்தை அழுதது.

கூடத்தில் தூளி தட்டையாகத் தொங்கியது. காலி.

கீழேயிருந்து யாரோ அவள் பாவாடையைப் பிடித்து இழுத்தார்கள். இரண்டு பக்கமும்.