ஜன்னலைப் பார்த்துக் கேட்ட கேள்வி

சிரிப்பு கொஞ்சம் சீக்கிரமாக வந்துவிட்டது. சுற்றுலா வழிகாட்டி நெவெனா தன் நகைச்சுவையை இன்னும் சொல்லி முடிக்கவில்லை.

"ப்ளோவ்திவ்காரங்களுக்கு அவசரம்னா என்னன்னே தெரியாதுங்க. எந்தக் கடையில காபி குடிக்கலாம்னு யோசிச்சுக்கிட்டே உட்கார்ந்திருந்தாங்க. நிமிர்ந்து பார்த்தா..." என்று அவள் வழக்கம்போல் இழுத்து நிறுத்தியபோது, பின்னால் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். மூக்கால் விடும் சின்னச் சிரிப்பு. ஒரு பெண்ணின் சிரிப்பு. "...ரோமாபுரிக்காரன் வந்து, இந்த அரங்கத்தைக் கட்டி முடிச்சுட்டு, ஊருக்கே திரும்பிப் போயிட்டான்," என்று அவள் முடித்த பிறகுதான் மற்ற மூவரும் சிரித்தார்கள். அது வரவேண்டிய இடத்தில் வந்த சிரிப்பு.

பல்கேரியாவின் ப்ளோவ்திவ் நகரில் ஒரு பிப்ரவரி மாலை. கீழே அரங்கத்தின் பளிங்குப் படிகளில் வெளிச்சம் வடிந்துகொண்டிருந்தது. வீடுகளின் புகைபோக்கிகளிலிருந்து விறகுப் புகை எழுந்து, மேலே போக மனமில்லாமல் தெருவிலேயே படிந்து கிடந்தது. அன்றைக்குக் கூட்டம் என்று சொல்ல வந்தவர்கள் மூன்றே பேர். ஹாலந்துக்காரர் ஹெங்க், அவர் மனைவி மரைக்கே, போர்த்துகலிலிருந்து தனியாக வந்திருந்த அமாதேயு என்ற பெரியவர். அவர்களுக்குப் பின்னால், விளக்குக் கம்பத்தின் வெளிச்சம் தொடாத ஓரத்தில், பழுப்புநிறக் கம்பளிக் கோட்டும் தலைத்துணியுமாக இன்னொருத்தி நின்றாள்.

வால், என்று நெவெனா நினைத்துக்கொண்டாள். வழிகாட்டிகள் அப்படித்தான் சொல்வார்கள். பெயர் கொடுக்காமல், நடுவழியில் வந்து ஒட்டிக்கொண்டு, ஓசியில் கதை கேட்டுவிட்டுப் போகிறவர்களுக்கு அந்தப் பெயர். விரட்டுவது வழக்கமில்லை. ஒரு காது கூடுதலாகக் கேட்டால் கதை குறைந்தா போய்விடும்? வால் எப்போதும் வெளிநாட்டு ஆளாகத்தான் இருக்கும். பிறந்த ஊரைச் சுற்றிப் பார்க்க வழிகாட்டி பின்னால் போகிற முட்டாள் எங்கள் ஊரில் இல்லை.

"ரொம்பக் குளிருதாங்க? முன்னாடி வந்து நில்லுங்களேன்," என்று ஆங்கிலத்தில் அழைத்தாள்.

அந்தப் பெண் தலையை இடவலமாக, மெதுவாக ஆட்டினாள். குளிரவில்லையாம். சரி, அவள் இஷ்டம்.

இந்தத் தலை விஷயத்தைச் சொல்லியாக வேண்டும். எங்கள் ஊரில் தலையை இடவலமாக ஆட்டினால் ஆமாம் என்று அர்த்தம். முகவாயை மேலே தூக்கி, நாக்கால் ஒரு 'ச்' கொட்டினால் இல்லை. உலகத்தில் மற்றவர்களுக்கு இது தலைகீழ். அதனால் இந்த வேலைக்கு வருகிறவர்கள் முதலில் மாற்றிக்கொள்வது தலையைத்தான். நெவெனாவின் கணவர் ராங்கெல் உயிரோடு இருந்தவரை தினமும் இதை வைத்துக் கேலி செய்வார். "இன்னைக்கு எந்தத் தலையை மாட்டிக்கிட்டு வந்திருக்க? வேலைத் தலையா, வீட்டுத் தலையா? சொல்லிடு, அப்புறம்தான் சூப் ஊத்துவேன்."

அவர் போனபின் வீட்டுத் தலைக்கு வேலையே இல்லாமல் போயிற்று. வீட்டில் கேள்வி கேட்க யார் இருக்கிறார்கள்? நாளெல்லாம் அந்நியர்களோடு பேசிவிட்டு, சாயங்காலம் கதவைத் திறந்தால் குளிர்சாதனப் பெட்டியின் முனகல்தான் வரவேற்கும். நாளடைவில் வேலைத் தலையே அவள் கழுத்தில் நிலைத்துவிட்டது. மகள் தெசிஸ்லாவா ஸ்பெயினிலிருந்து ஓயாமல் கூப்பிட்டுக்கொண்டிருந்தாள். அன்று காலையும் கூப்பிட்டாள். "அந்த வீட்டை வித்துட்டு இங்க வந்துடும்மா. உன் பேத்தி உன்னை ஃபோனுக்குள்ள குடியிருக்கிற ஆளுன்னு நினைக்கிறா. இன்னைக்கு ராத்திரி கூப்பிடுவேன், எனக்கு முடிவு தெரிஞ்சாகணும்." ஒரு பக்கம் போக ஆசை. இன்னொரு பக்கம், ராங்கெல் செத்த வீட்டை விட்டுப் போகத் தயக்கம். அன்று மாலைவரை நெவெனா முடிவு எடுக்கவில்லை.

சந்துகள் ஏறத் தொடங்கின. உருண்டைக் கற்கள் பாவிய பாதை ஈரத்தில் வழுக்கியது. இருபுறமும் பழைய வீடுகளின் மேல்மாடிகள் தெருவுக்கு மேலே துருத்தி வந்து, எதிரெதிரே தலையை முட்டிக்கொள்வதுபோல் நின்றன. அவற்றுக்கு நடுவே வானம் ஒரு கீற்றாகத் தெரிந்தது. நெவெனா முன்னால் நடந்தபடி பேசினாள். பழக்கத்தில் பின்னால் வருகிற காலடிகளையும் கேட்டுக்கொண்டாள். ஹெங்கின் கனமான பூட்ஸ், மரைக்கேயின் ரப்பர் ஷூ, பெரியவரின் கைத்தடி. வாலின் காலடி மட்டும் கேட்கவில்லை. ஆனால் திரும்பும்போதெல்லாம் அந்தப் பழுப்புக் கோட்டு முன்பைவிடக் கொஞ்சம் பக்கத்தில் இருந்தது.

கோட்டை வாசலுக்கு அருகே நீல வீட்டின் முன் அவள் நின்றாள். சுற்றுலா முடிகிற இடம் அது. அவள் பெயர் வாங்கிய இடமும் அதுதான்.

அந்த வீட்டுக்கு உண்மையில் கதை எதுவும் கிடையாது. வாரிசுகள் சண்டை போட்டுப் பூட்டிப்போட்ட வீடு, அவ்வளவுதான். ராங்கெல் இறந்த முதல் குளிர்காலத்தில் யாரோ ஒரு பயணி, "இங்க யார் இருந்தாங்க?" என்று கேட்டுவிட்டார். தெரியாது என்று சொல்ல வழிகாட்டியின் வாய்க்கு வராது. நின்ற நிலையிலேயே நெவெனா ஒருத்தியைப் படைத்தாள். மக்தலினா என்று பெயர் வைத்தாள். கணவன் கம்பளித் துணி விற்க வியன்னா போனவன், திரும்பவேயில்லை. அவள் ஜன்னல் விளிம்பில் வாசனைக்கு மஞ்சள் க்வின்ஸ் பழங்களை அடுக்கி வைத்துக்கொண்டு, தெருவில் போகிற ஒவ்வொருவரையும், "என்னையும் கூட்டிட்டுப் போறீங்களா?" என்று கேட்பாள். யாரும் கூட்டிப் போகவில்லை. அது யாருடைய கேள்வி என்று அவளுக்குத் தெரியும்.

அந்தப் பயணி கண் கலங்கினார். கதை நிலைத்துவிட்டது. மற்ற வழிகாட்டிகளும் அதையே சொல்ல ஆரம்பித்தார்கள். நெவெனா மட்டும் முடிவில் ஒரு விளையாட்டு வைத்திருந்தாள். அன்றும் அதைச் செய்தாள். மேலே ஜன்னலைப் பார்த்து, தாய்மொழியில், பல்கேரிய மொழியில், உரக்கக் கேட்டாள்.

"மக்தலினா! என்கூட வர்றியா?"

சந்து அமைதியாக இருந்தது. எங்கோ தகரக் குழாயில் நீர் சொட்டியது. வழக்கப்படி அவள் கையை விரித்துக்கொண்டு கூட்டத்தின் பக்கம் திரும்பினாள்.

வால் மரைக்கேயின் தோளுக்குப் பின்னால் நின்றாள். தலைத்துணிக்குள் முகம் சரியாகத் தெரியவில்லை. நெவெனாவையே பார்த்தபடி தலையை இடவலமாக ஆட்டினாள். இந்த முறை வேகமாக. சந்தோஷமாக.

"பாருங்க, இன்னைக்கும் மாட்டேன்னுட்டா," என்று நெவெனா சிரித்தாள். "நாளைக்குக் கேட்டுப் பார்ப்போம்."

எல்லோரும் கைதட்டினார்கள். ஹெங்க் அவள் கையைப் பிடித்துக் குலுக்கினார். "அருமைங்க. என் பொண்டாட்டிகிட்ட இப்படித் தினம் கேட்டா, எப்பவோ என்னை விட்டுட்டு ஓடியிருப்பா."

"இப்பவும் ஒண்ணும் லேட் ஆகல," என்றாள் மரைக்கே.

அமாதேயு பெரியவர் மட்டும் கிளம்பத் தயங்கினார். கைத்தடியை ஒரு கையிலிருந்து மறு கைக்கு மாற்றினார். "நல்லா சொன்னீங்கம்மா. நானும் தனியாள்தான், அதனால சொல்றேன். வீட்டுக்குப் போகத் துணைக்கு ஒரு ஆள் இருக்கிறது எவ்வளவு பெரிய விஷயம் தெரியுமா? உங்க அக்கா தினமும் வருவாங்களோ?"

"அக்காவா?"

"பின்னாடி நின்னாங்களே. நீங்க பேசப் பேச அவங்க உதடும் கூடவே அசைஞ்சுது. ஒரு வார்த்தை பிசகல. மனப்பாடம்!"

நெவெனா திரும்பிப் பார்த்தாள். சந்தில் யாருமில்லை. தலைக்கு மேலே, எந்நாளும் இழுத்து மூடியிருக்கும் அந்த ஜன்னலின் மரக்கதவு ஒன்று திறந்து கிடந்தது.

காற்றாக இருக்கும், என்று சொல்லிக்கொண்டாள். அன்று காற்றே இல்லை.

மலையிறங்கி, கடைத்தெருவைத் தாண்டி, மரித்சா ஆற்றுப் பாலத்துக்கு வந்தாள். தெருவில் இன்னும் ஆள் நடமாட்டம் இருந்தது. பொரித்த மாவின் எண்ணெய் வாசனையும், நதியின் சேற்று வாசனையும், காபிக்கடையிலிருந்து வந்த பேச்சுச் சத்தமும் அவளைக் கொஞ்சம் தேற்றின. ஆனால் பாலத்தின் நடுவில் இன்னொரு வாசனை வந்தது. நனைந்த கம்பளி. அதற்கு அடியில், பூட்டிய அறையில் அழுகத் தொடங்கிய க்வின்ஸ் பழத்தின் தித்திப்பு. அந்தப் பழங்கள் அவளுடைய கற்பனை. அந்த ஜன்னலில் ஒருநாளும் பழம் இருந்ததில்லை. நெவெனாவுக்குப் பயம் வந்தது. காரணம் கேட்டால் சொல்லத் தெரியாத பயம். திரும்பிப் பார்க்காமல் நடையை எட்டிப் போட்டாள்.

அடுக்குமாடிக் கட்டிடத்தின் படிக்கட்டில் விளக்குப் பொத்தானை அழுத்தினாள். அந்த விளக்கு எப்போதும் கொஞ்ச நேரம்தான் எரியும், ஆள் தன் மாடிக்குப் போய்ச் சேர்வதற்குள் அணைந்துவிடும். இரண்டாம் மாடியில் அணைந்தது. சுவரைத் தடவிக்கொண்டு நின்றாள். கீழே, இருட்டில், துணி உரசும் சத்தம். கம்பளி, சுவரோடு. மெதுவாக. ஒரு படி. இன்னொரு படி.

அப்போதுதான் அது புரிந்தது.

கேள்வியைப் பல்கேரிய மொழியில் கேட்டிருந்தாள். ஹெங்குக்குப் புரியவில்லை, மரைக்கேக்குப் புரியவில்லை. வால் பதில் சொன்னாள். அவள் வெளியூர்க்காரி இல்லை. இந்த ஊர்க்காரி. இந்த ஊரில் தலையை இடவலமாக ஆட்டினால்...

ஆமாம். குளிருது.

ஆமாம். வர்றேன்.

எத்தனை வருஷம் கேட்டிருப்பாள் நெவெனா! மழையிலும் பனியிலும், விளையாட்டாகவும், சில நாள் விளையாட்டில்லாமலும். கேட்கப்பட்டவள் யோசித்துக்கொண்டே இருந்திருக்கிறாள். அவசரமில்லாத ஊர்.

ஓடினாள். சாவி கை தவறி விழுந்தது. தேடி எடுத்தாள். கதவைத் திறந்து உள்ளே பாய்ந்து தாழ்ப்பாள் போட்டு, சங்கிலியும் மாட்டினாள். வீட்டின் எல்லா விளக்குகளையும் போட்டாள். குளிர்சாதனப் பெட்டி முனகியது. அந்தச் சத்தத்தை அவள் அவ்வளவு அன்போடு கேட்டதே இல்லை. சமையலறை நாற்காலியில், சுவரைப் பார்த்து உட்கார்ந்தாள். மூச்சு வாங்கியது.

ஃபோன் அடித்தது. திரையில் மகளின் முகம்.

"என்னம்மா இப்படி மூச்சு வாங்குற? லிஃப்ட் மறுபடியும் ரிப்பேரா?"

"தெசி. தெசி, நான் வந்துடறேன். நாளைக்கே வரேன். டிக்கெட் போடு."

"நிஜமாவா? அம்மா!" மகளின் குரல் உடைந்தது. "எத்தனை வருஷமா கெஞ்சறேன்! குட்டிக்கு உன் பக்கத்துலதான் படுக்கணுமாம், தலையணையெல்லாம் எடுத்து வச்சுட்டா. வாயால சொன்னாப் போதாது, தலையை ஆட்டு. நம்ம ஊர்த் தலை. நிச்சயமா வர்ற?"

நெவெனா அழுதுகொண்டே சிரித்தாள். பல வருஷத்துக்குப் பிறகு வீட்டுத் தலையை இடவலமாக ஆட்டினாள். ஆமாம். ஆமாம்.

மகள் சிரித்தாள். பிறகு கண்ணைச் சுருக்கித் திரைக்கு அருகே வந்தாள்.

"பின்னாடி யாரும்மா? உன் கூட்டாளியா?"

நெவெனா அசையவில்லை.

"சேர்ந்தே தலையாட்டுறாங்களே. அவங்களும் இங்க வர்றாங்களாமா?"

திரையின் மூலையில் நெவெனாவின் சொந்த முகம் கட்டைவிரல் அளவில் தெரிந்தது. அதன் தோளுக்கு மேலே பழுப்புத் தலைத்துணி. அது இடவலமாக ஆடிக்கொண்டிருந்தது. வேகமாக. சந்தோஷமாக.

பேத்தி எடுத்து வைத்த அந்தத் தலையணை அவள் நினைவுக்கு வந்தது.

"இல்ல," என்றாள். குரல் யாருடையதோபோல் இருந்தது. "யாரும் வரல. நானும் வரல."

"அம்மா? இப்பத்தானே..."

"வரல தெசி. எப்பவும் வரல. நீயும் இங்க வராத. குட்டிக்கு முத்தம் கொடுத்துடு."

துண்டித்தாள். ஃபோனை அணைத்தே விட்டாள். திரை கறுத்தது.

பழ வாசனை. ஈரக் கம்பளி. கழுத்தில் குளிர். மூச்சுக் காற்று இல்லை, வெறும் குளிர்.

அவள் திரும்பவில்லை. கறுத்த திரையையே பார்த்தபடி, தாய்மொழியில், மிகவும் மெதுவாகக் கேட்டாள்.

"மக்தலினா. உன் வீட்டுக்குத் திரும்பிப் போறியா?"

திரையின் கறுத்த கண்ணாடியில் இரண்டு முகங்கள். பின்னால் இருந்த முகம் கொஞ்சம் யோசித்தது. பிறகு அதன் முகவாய் மெல்ல மேலே உயர்ந்தது. நெவெனாவின் காதோரத்தில், நாக்கு ஒருமுறை 'ச்' கொட்டியது.