செத்தவனுக்குத் தொழில் ஏது

ஒரு மனிதனின் முப்பது வருடக் கால்மிதிப்புக்கு ஏலத்தில் படிந்த விலை நானூறு.

எடுத்தவருக்கு ஊர் வைத்த பெயர் அரைவிலை. கோர்ட் ஏலம் எங்கே நடந்தாலும் எறும்புக்கு முந்தி அங்கே நிற்பார். ஊர்த் தையல்காரர் வாங்கிய கடனுக்குக் கோர்ட்டில் டிக்ரி ஆகி, ஏலம் வருவதற்குள் மனிதர் போய்ச் சேர்ந்துவிட்டார். அலமாரி போனது, நிலைக்கண்ணாடி போனது. காலால் மிதிக்கும் தையல் மெஷின் அருகே வந்ததும் ஏலம் விட்ட கோர்ட் அமீனா தயங்கினார்.

"தொழில் கருவியை ஏலம் விடக்கூடாதுங்க. சட்டம்."

"தொழில் பண்றவனுக்குத்தானே சார் அந்தச் சட்டம்? செத்தவனுக்குத் தொழில் ஏது?" என்றார் அரைவிலை.

கடன் கொடுத்தவர் சிரித்தார். அமீனா மெஷினையும் பட்டியலில் எழுதினார். கதவோரம் நின்ற தையல்காரர் மனைவிதான் பேசினாள்.

"அண்ணே, எனக்கும் தைக்கத் தெரியும். அதை வெச்சுத்தான் ரெண்டு புள்ளைங்களுக்கும் சோறு போடணும். உங்க சட்டையெல்லாம் அவர்தானே தைச்சாரு? அதுவும் பாதிக் கூலிக்கு."

"உறவு வேற, யாவாரம் வேற தங்கச்சி."

பாதிக் கூலி என்றது பொய்யில்லை. ஒவ்வொரு சட்டைக்கும் பாதியைக் கொடுத்துவிட்டு, "மீதி அடுத்த தடவை" என்பார் அரைவிலை. தையல்காரர் முகம் சுளித்ததே இல்லை. தொப்பையை எக்கிக்கொண்டு நிற்பவரின் கழுத்தில் டேப்பைச் சுற்றி, "மூச்ச விடுங்க முதலாளி, அளவு பொய் சொல்லிடும்" என்பதோடு சரி.

மெஷினையும், கூடவே எடுத்த வெள்ளைத் துணிச் சுருளையும் வீட்டு முன்னறையில் போட்டார். வாங்க வருகிறவன் ஓட்டிப் பார்த்துக் குறை சொல்லக்கூடாதே என்று, சக்கரத்தை ஓட்டும் தோல் வாரைக் கழற்றிப் பெட்டியில் பூட்டி வைத்தார்.

மறுநாள் மதியம், உண்ட மயக்கத்தில் சாய்ந்திருந்தார். வீட்டில் வேறு யாருமில்லை. வெயிலில் தெரு வெறிச்சென்று கிடந்தது.

டக். டக். டக்டக்டக்டக்.

பக்கத்து வீடு என்று நினைத்தார். ஆனால் அந்தச் சத்தம் தரை வழியாக வந்து அவர் உள்ளங்காலைத் தொட்டது. மெஷின் எண்ணெயும் சூடான துணியும் கலந்த வாசனை.

முன்னறைக்கு வந்தார்.

மிதிபலகை ஏறி இறங்கிக்கொண்டிருந்தது. வார் இல்லாத சக்கரம் சுற்றியது.

அவரைக் கண்டதும் நின்றது.

ஊசிக்குக் கீழே ஒரு வெள்ளைச் சட்டை. தோள், கை, தொப்பைக்கு விட்ட இடம், எல்லாம் அவர் அளவு. கழுத்துக்கு மட்டும் வழியில்லை. காலருக்குள் துணியை இழுத்து அடைத்துத் தைத்திருந்தது.

பின்கழுத்தில் சில்லென்று ஒரு நாடா சுற்றியது.

"மூச்ச விடுங்க முதலாளி."

விட்டார்.

நாடா அந்த அளவிலேயே நின்றது. மூச்சைத் திரும்ப இழுக்க இடமில்லை.

'கொடுத்துடறேன்... அவங்ககிட்டயே கொடுத்துடறேன்...' உதடு மட்டும் அசைந்தது.

நாடா தளர்ந்தது.

சாயங்காலமே வாரை மாட்டி, மெஷினைத் தள்ளுவண்டியில் ஏற்றிக்கொண்டு ஓடினார். தையல்காரர் மனைவி நம்ப முடியாமல் அதைத் தடவித் தடவிப் பார்த்தாள். அரைவிலை ஒரு கும்பிடு போட்டுவிட்டு வந்திருக்கலாம். ஆனால் பிறவிக்குணம் பிடரியில் உட்கார்ந்துகொண்டது.

"நானூறு போட்டு எடுத்தேன் தங்கச்சி. உனக்காக, பாதி குடு போதும்."

அவள் உள்ளே போனாள். டப்பாவில் கிடந்ததை எல்லாம் கொண்டுவந்து எண்ணிக் கொடுத்தாள். பிறகு குரலைத் தாழ்த்திக் கேட்டாள்.

"அவரு இதுக்கு ஒத்துக்கிட்டாராண்ணே?"

அரைவிலை பணத்தை மடியில் செருகிக்கொண்டு நடந்தார்.

வீட்டுக்கு வந்து விளக்கைப் போட்டார். மெஷினிலிருந்து உருவித் தரையில் போட்டுவிட்டுப் போன சட்டை ஆணியில் தொங்கியது. கழுத்துத் தையல் பிரிந்திருந்தது.

பாதி மட்டும்.

நெஞ்சுப் பக்கத்தில், தையல் சாக்கட்டியால், அவருக்குப் பழகிய, தையல்காரரின் சாய்ந்த கையெழுத்து:

வரவு பாதி. பாக்கி பாதி.

மீதி அடுத்த தடவை.