எனக்கே ஆறாவது கதவு வரை...

“மேடம், மேடம்... இந்தச் சீட்டுல என்ன எழுதியிருக்குன்னு கொஞ்சம் படிச்சுச் சொல்லுங்களேன்... சீக்கிரம்! உயிர் போயிட்டிருக்கு!”

மழையோடு மழையாகக் கண்ணாடிக் கடைக்குள் நுழைந்தவன் இப்படித்தான் பேச்சை ஆரம்பித்தான். தலையிலிருந்து தண்ணீர் சொட்டியது. ஒரு கையில் இரண்டு துண்டாகிப் போன மூக்குக்கண்ணாடி. இன்னொரு கையில் போன்.

அவள் பதறிப் போனாள். கண் பரிசோதனை அறையிலிருந்து ஓடி வந்து போனை வாங்கிப் பார்த்தால்... விளையாட்டு!

ஏழு கதவுள்ள பாதாளம். கதவுக்கு ஒரு பூதம். கையில் வரும் சீட்டுகளை வைத்து அதோடு மல்லுக்கட்ட வேண்டும். என்ன சீட்டு வரும் என்பது முழுக்க அதிர்ஷ்டம். தோற்றால் ஈவு இரக்கம் கிடையாது, மறுபடி முதல் கதவிலிருந்து. அவனுடைய வீரன் ஐந்தாவது கதவில் அரை உயிரோடு நின்றுகொண்டிருந்தான்.

“பஸ் ஸ்டாப்ல ஒருத்தர் கண்ணாடியை மிதிச்சுட்டார் மேடம். எழுத்தெல்லாம் ரெண்டு ரெண்டாத் தெரியுது. அஞ்சாவது கதவுக்கு நான் வந்ததே இல்ல... இதுதான் முதல் தடவை!”

“இதுல அவசரமே இல்லையே சார். நாளைக்குக்கூட ஆடலாம். பூதம் அங்கேயேதான் நிக்கும்.”

சொன்ன பிறகுதான் நாக்கைக் கடித்துக்கொண்டாள். அவன் கண்கள் பெரிதாக விரிந்தன. கல்லாவில் உட்கார்ந்திருந்த அக்காவும் நிமிர்ந்து பார்த்தார். மூன்று வருடமாக அந்தக் கடையில் வேலை பார்க்கும் அவளுக்கு இப்படி ஒரு பழக்கம் இருப்பது யாருக்கும் தெரியாது.

“நீங்களும் ஆடுவீங்களா?”

“கேட்டதைச் சொல்றேன். கத்தி. ஆறு அடி. பக்கத்துல கேடயம்.”

“கத்தியைப் போடுங்க!”

“வேண்டாம். பூதத்தோட தலைக்கு மேல பாருங்க, வாள் படம் இருக்கு. அடுத்து பதினெட்டு அடி அடிக்கப் போகுதுன்னு அதுவே சொல்லுது. உங்ககிட்ட இருக்கிற உயிர் நாலே நாலு. முதல்ல தடுங்க.”

“தடுத்துத் தடுத்து எப்ப ஜெயிக்கிறது? கத்தியைப் போடுங்க மேடம்!”

போட்டாள். பூதம் அடித்தது. திரை இருண்டது.

வெளியே மழை கொட்டிக்கொண்டிருந்தது. அவன் பெருமூச்சு விட்டான்.

“உங்க கைராசி...”

“என் கைராசியா?” அவளுக்குச் சுர்ரென்று ஏறியது. “பையில மூணு மருந்து அப்படியே இருக்கு. மருந்தை வச்சுக்கிட்டே செத்திருக்கீங்க! அது போகட்டும், கட்டுல நாப்பத்து மூணு சீட்டு. அதுல ஆரம்பத்துல குடுத்த மொட்டைக் கத்தி ஒண்ணுகூடக் குறையல. இது சீட்டுக்கட்டா, பழைய சாமான் கடையா?”

“தூக்கிப் போட மனசு வரல மேடம். முதல்லேருந்து கூடவே வந்ததாச்சே...”

அவளுக்குச் சிரிப்பு வந்து தொலைத்தது. “உள்ளே வந்து உக்காருங்க” என்றாள் விறைப்பாக.

இருட்டறையில் அவன் முகத்தில் பரிசோதனைச் சட்டத்தை மாட்டினாள். வில்லைகளை மாற்றி மாற்றிப் போட்டு, “இது தெளிவா இருக்கா... இல்ல, இதுவா?” என்று நாள் முழுவதும் கேட்கிற கேள்வியைக் கேட்டாள்.

“ரெண்டாவது. முதல்ல ரெண்டு டாக்டர் தெரிஞ்சாங்க. இப்போ ஒரே ஆள்தான்.”

“எழுத்தைப் பாருங்க சார், என்னைப் பாக்காதீங்க.”

அவன் கண்ணுக்குள் விளக்கடித்துப் பார்த்தாள். ஒரு நாளைக்கு முப்பது ஜோடிக் கண் பார்க்கிறவள் அவள். இந்த ஜோடி மட்டும் மழையில் நனைந்து சிவந்திருந்தாலும் தோற்றதற்குக் கொஞ்சமும் வருத்தப்படாமல் சிரித்துக்கொண்டிருந்தது. விளக்கைத் தேவைக்கு அதிகமாகவே பிடித்திருந்ததை உணர்ந்து சட்டென்று அணைத்தாள்.

அவனுடைய பவருக்கு வில்லை வெளியிலிருந்து வர வேண்டும். ஒரு வாரமாகும் என்றாள்.

எதிர்ச்சாரியில் இருந்த எட்டு மாடி அலுவலகக் கட்டடத்தில் அவன் லிஃப்ட் மெக்கானிக். மறுநாள் சாயங்காலம், நாலு வருடத்துக்கு முந்தைய ஒரு பழைய கண்ணாடியைக் காதோரம் டேப் சுற்றி மாட்டிக்கொண்டு வந்து நின்றான்.

“வந்துடுச்சா?”

“ஒரு வாரம்னு நேத்துதானே சொன்னேன்?”

“சும்மா கேட்டேன்...”

சும்மா கேட்டவன் சும்மா போகவில்லை. இந்த விளையாட்டில் ஒவ்வோர் ஆட்டத்துக்கும் ஓர் எண் உண்டு. அதே எண்ணை இன்னொருவர் தன் போனில் போட்டால் அதே சீட்டுகள், அதே பூதங்கள், அதே வரிசையில் வரும்.

“நான் தினம் ஒரு எண் கொண்டுவர்றேன். ஒரே எண், ஒரே சீட்டு. அப்போ ராசி யாரோடதுன்னு தெரிஞ்சுடுமே?”

“தோத்துட்டு அழக் கூடாது.”

“அழுதா கண் டாக்டர்தான் பக்கத்துலயே இருக்காங்களே!”

அன்று முதல் ஆரம்பித்தது. அவன் அவன் வீட்டில், அவள் அவள் வீட்டில். ஆனால் இருவர் கையிலும் ஒரே சீட்டு. மூன்றாவது கதவில் பாம்புத்தலை பூதம் வரும்போது, இந்நேரம் அவனும் இதைத்தான் பார்த்துக்கொண்டிருப்பான் என்று தோன்றும். அப்படித் தோன்றியதும் அடுத்த சீட்டை எடுக்க மறந்து உட்கார்ந்திருப்பாள். அம்மா இரண்டு தடவை கூப்பிட்ட பிறகுதான் காதில் விழும்.

சாயங்காலமானால் கடையில் பாடம் நடக்கும். அவன் ‘மேடம்’ போய் ‘டீச்சர்’ என்று கூப்பிட ஆரம்பித்திருந்தான்.

“வழியில நெருப்பு மூட்டின இடம் வந்தா உடனே படுத்துத் தூங்கிடறீங்க. பாதி உயிருக்கு மேல இருந்தா தூங்காதீங்க, ஒரு சீட்டைத் தீட்டிக்குங்க. தீட்டின சீட்டு கடைசிக் கதவு வரைக்கும் உழைக்கும்.”

“சரி டீச்சர்.”

“சண்டை முடிஞ்சதும் மூணு சீட்டு காட்டும். ஒண்ணு எடுத்தே ஆகணும்னு சட்டமா? பிடிக்கலைன்னா எதையும் எடுக்காம நடையைக் கட்டுங்க. கட்டு சின்னதா இருந்தாதான் நல்ல சீட்டு திரும்பத் திரும்பக் கைக்கு வரும்.”

“நீங்க எல்லாத்தையும் வேண்டாம்னுடுவீங்களோ?”

கேலியாகத்தான் கேட்டான். அவளால் கேலியாகப் பதில் சொல்ல முடியவில்லை. திங்கட்கிழமை அது. கடையில் கூட்டமில்லை. இரண்டு தடவை தேதி வரை குறித்து நின்றுபோன கல்யாணப் பேச்சை அவனிடம் ஏன் சொன்னாள் என்று அவளுக்கே தெரியாது.

“எனக்கு நல்ல சீட்டே வராது. அதான் வர்றதை வச்சுக் கணக்குப் போட்டு ஆடக் கத்துக்கிட்டேன். இப்போ மூணாவது வரன் வந்திருக்கு, மருந்துக்கடை வச்சிருக்காராம். ஞாயித்துக்கிழமைக்குள்ள பதில் சொல்லணும்...”

சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். அவன் சிரிக்கவில்லை. வழக்கமாக வாய் ஓயாதவன், அன்று எண்ணைக்கூட எழுதித் தராமல் போய்விட்டான்.

செவ்வாய்க்கிழமை எண் வந்தது. அடேயப்பா, என்ன சீட்டுகள்! முதல் கதவிலேயே மின்னல் வாள். இரண்டாவதில் பொன் கவசம். ஏழு கதவும் திறந்துகொண்டன. புதனும் அப்படியே. வியாழனும் அப்படியே! ராசி திரும்பிவிட்டதோ? பஸ்ஸில் ஜன்னலோர இடம் கிடைத்தால்கூட அவளுக்கு அப்படித் தோன்றியது. அம்மா மருந்துக்கடைக்காரர் பேச்சை எடுத்தபோது, “கொஞ்சம் பொறுங்கம்மா” என்று முதல் தடவையாகத் தைரியமாகச் சொன்னாள்.

இன்னொன்றும் செய்தாள். புதன்கிழமை காலையிலேயே அவனுடைய கண்ணாடி வந்துவிட்டது. அன்று சாயங்காலம் அவன், “வந்துடுச்சா?” என்று கேட்டான். அவள் கை தானாகக் கீழ் டிராயரைச் சாத்தியது.

“இன்னும் வரலையே...”

கொடுத்துவிட்டால் நாளைக்கு எதற்கு வருவான்?

வெள்ளிக்கிழமை அவனே போனை நீட்டினான். “பழைய கண்ணாடியில எழுத்து சின்னதாத் தெரியுது டீச்சர். கொஞ்சம் பெரிசு பண்ணிக் குடுங்க.”

விளையாட்டுக்குள் போய் எழுத்தளவைத் தேடியவளின் விரல் தவறிப் பழைய ஆட்டங்களின் பட்டியலில் பட்டது. செவ்வாய்க்கிழமை மட்டும் முப்பத்தோரு ஆட்டம், ஒவ்வொன்றும் வேறு வேறு எண். இரண்டாவது கதவில் தோல்வி, மூன்றாவதில் தோல்வி, முதல் கதவிலேயே தோல்வி... கடைசி ஆட்டம் மட்டும் ஆறாவது கதவு. அதன் பக்கத்தில் இருந்த எண் அவளுக்கு மனப்பாடம். அவளுக்கு அவன் எழுதிக் கொடுத்த எண். புதன்கிழமை இருபத்தாறு ஆட்டம். வியாழக்கிழமை நாற்பது.

“இது என்ன?”

அவன் முகம் வெளுத்தது. “அது... சாப்பாட்டு நேரத்துல, பஸ்ல, அங்கங்க உக்காந்து ஆடிப் பாத்தேன். எனக்கே ஆறாவது கதவு வரைக்கும் போகுதுன்னா, அது நெஜமாவே நல்ல சீட்டாத்தான் இருக்கும். உங்களுக்கு ஏழும் திறந்துடும்னு... உங்களுக்கு நல்ல சீட்டே வராதுன்னு சொன்னீங்களே...”

“பாவம்னு நெனச்சீங்களா?”

“அய்யோ, இல்ல டீச்சர்...”

“ரெண்டு கல்யாணம் நின்னுபோனவ, மூணு நாள் ஜெயிச்சுட்டுப் போகட்டும்னு தானம் பண்ணீங்களா? எனக்கு யாரும் சீட்டை அடுக்கி வச்சுத் தர வேண்டாம். வீட்டுல அம்மா அடுக்குறதே போதும்!”

போனை மேஜைமேல் வைத்தாள். அவன் போனை எடுத்துக்கொண்டான்.

“மன்னிச்சுடுங்க மேடம்.”

மேடம்! நாலு வார்த்தை திட்டியிருந்தால்கூட அவளுக்கு இவ்வளவு வலித்திருக்காது.

சனிக்கிழமை விடிந்தது. சாயங்காலம்தானே வருவான், காலையிலேயே எதற்குப் பார்க்கிறாய் என்று தன்னைத்தானே அதட்டிக்கொண்டாள். ஆனாலும் கடைக் கதவு திறக்கும் ஒவ்வொரு முறையும் கழுத்து தானாகத் திரும்பியது. கண் சோதிக்க வந்த ஒருவருக்கு இடது கண்ணையே இரண்டு தடவை சோதித்தாள். பன்னிரண்டு மணிக்கு அம்மா போன் செய்தார்.

“அவங்க கேட்டுக்கிட்டே இருக்காங்கம்மா. இன்னிக்கே சரின்னு சொல்லிடட்டுமா?”

“ஒரு மணி நேரம் குடுங்கம்மா...”

முக்கால் மணி நேரம் போனதே தெரியவில்லை. கண் துடைக்கத் துணி தேடிக் கீழ் டிராயரைத் திறந்தாள். அவனுடைய கண்ணாடிப் பெட்டி. புத்தம் புதிது. மூன்று நாளாக அங்கேயே கிடக்கிறது.

பார்த்தபடியே நின்றாள். அவன் நல்ல எண்ணாகப் பொறுக்கினான் என்று அத்தனை கத்தினாளே, அவள் செய்தது மட்டும் என்ன? அதுகூடப் பரவாயில்லை. அவன் லிஃப்ட் பெட்டியின் உச்சியில் நின்று வேலை செய்கிறவன். டேப் சுற்றிய பழைய கண்ணாடியோடு, எழுத்துகூடச் சரியாகத் தெரியாத கண்ணோடு... கண் பார்ப்பதற்கென்றே படித்தவள் செய்கிற காரியமா இது? பெட்டியை எடுத்துக்கொண்டு வாசலுக்கு ஓடினாள்.

“எங்கே?” என்றார் கல்லா அக்கா.

“டெலிவரிக்கு, அக்கா!”

“நம்ம கடையில அதெல்லாம் எப்பருந்து?” என்ற அக்காவின் குரல் தெருவரை துரத்தி வந்தது.

எட்டு மாடிக் கட்டடத்தின் கீழ்த்தளத்தில் லிஃப்ட் கதவு திறந்து கிடந்தது. முன்னால் ‘பழுது வேலை நடக்கிறது’ என்ற தடுப்புப் பலகை. அதற்கு இந்தப் பக்கம் பார்சல்களை அடுக்கி வைத்துக்கொண்டு ஒரு கூரியர்காரர் உட்கார்ந்திருந்தார். உயரத்தில் எங்கோ திருகு முடுக்கும் சத்தம்.

பலகையைப் பிடித்துக்கொண்டு மேலே பார்த்துக் கத்தினாள். “கொஞ்சம் வேலையை நிறுத்துங்க... நான்தான்!”

சத்தம் நின்றது. “டீச்சரா?” என்றது இருட்டு.

“உங்க கண்ணாடி புதன்கிழமையே வந்துடுச்சு. நான்தான் டிராயர்ல ஒளிச்சு வச்சேன். பொய் சொன்னேன். பழைய கண்ணாடியோட உங்களை அங்க நிக்க விட்டுட்டேன்... மன்னிச்சுடுங்க!”

கூரியர்காரர் மெல்ல எழுந்து நின்றார்.

“அது எனக்குத் தெரியுமே...”

“தெரியுமா?”

“புதன்கிழமை பதினோரு மணிக்கே உங்க கடையிலேருந்து மெசேஜ் வந்துடுச்சு. கண்ணாடி தயார், வந்து வாங்கிக்கோங்கன்னு.”

கல்லா அக்கா! எல்லாருக்கும் அனுப்புவது போல இவனுக்கும் அனுப்பித் தொலைத்திருக்கிறார். அவளுக்கு முகமெல்லாம் சூடாகிவிட்டது.

“அப்புறம் எதுக்குத் தினமும் வந்து, வந்துடுச்சா வந்துடுச்சான்னு கேட்டீங்க?”

அவ்வளவு உயரத்திலிருந்து, தயங்கித் தயங்கி இறங்கி வந்தது அந்தக் குரல்.

“நீங்க... இன்னும் வரலைன்னு சொல்றதைக் கேக்கத்தான்.”

அவள் தடுப்புப் பலகையை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

“எனக்கு உங்களைப் பிடிச்சிருக்கு” என்றாள். அது அவளுக்கே கேட்கவில்லை. தலையை நிமிர்த்திக் கத்தினாள். “எனக்கு உங்களை ரொம்பப் பிடிச்சிருக்கு! கேக்குதா?”

“எட்டாவது மாடி வரைக்கும் கேட்டிருக்கும் டீச்சர்...” என்றான் அவன். “ஆனா நான் ரொம்ப மோசமா ஆடுறவன்.”

“தெரியும். ஒரே நாள்ல நாப்பது ஆட்டம். பாத்தேனே!”

“உங்களை முதல் நாள் பாத்ததுலேருந்தே எனக்கு... இருங்க, இதைக் கத்திச் சொல்ல முடியாது. படியில வர்றேன். போயிடாதீங்க!”

“மெதுவா வாங்க. பழைய கண்ணாடி!”

கையிலிருந்த போன் அடித்தது. அம்மா.

“என்னம்மா, ஒரு மணி நேரம் ஆச்சே. சரின்னு சொல்லிடட்டுமா?”

“வேண்டாம்னு சொல்லிடுங்கம்மா. எனக்கு ஒருத்தரைப் பிடிச்சிருக்கு.”

அம்மா மெல்லக் கேட்டார். “யாரும்மா அது?”

மாடிப்படியில் தடதடவென்று செருப்புச் சத்தம். நாலாவது மாடி... மூன்றாவது... மெதுவாக வரச் சொன்னால் கேட்டால்தானே! அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டு படிக்கட்டின் பக்கம் திரும்பி நின்றாள்.

“வந்துக்கிட்டே இருக்காரும்மா...”