மலை தெரியும் என்று சொன்னவன்

சொகுசுப் பேருந்தில் வந்த முப்பத்திரண்டு பேருக்கும் மலை தெரியாமல் போனதற்குக் காரணம் ஏழாம் சீட்டுக்காரன்தான். அந்த விஷயம் அவனுக்கு மட்டும்தான் தெரியும்... அதனால்தான் ஜன்னல் திரையை இழுத்துவிட்டுக்கொண்டு, தூங்குகிற மாதிரி நடித்துக்கொண்டிருந்தான்.

மேகத்தைக் கொண்டுவந்து மலைக்குப் போர்த்திவிட்டது அவன் இல்லை. அந்த அளவுக்கெல்லாம் அவனுக்குச் சாமர்த்தியம் போதாது. அவன் வானிலை அலுவலகத்தில் வேலை பார்ப்பவன். தினமும் சாயங்காலம் மறுநாளைக்கான அறிக்கையை எழுதிக் கொடுப்பான். வானொலியில் யாரோ ஒருவர் கணீரென்று வாசிப்பார். பதினோரு வருடமாக எழுதிய அத்தனை அறிக்கைகளிலும் தப்பி ஓட ஒரு பின்வாசல் வைத்திருந்தான். மழை வரலாம். சில இடங்களில் வராமலும் போகலாம். எது நடந்தாலும் அவன் சொன்னதுதான்!

நேற்றுக் காலை அக்கா ஈரத்துணி வாளியோடு வந்து நின்றாள்.

"டேய், மாடியில துணி போடப் போறேன். காயுமா, காயாதா? ஒரே வார்த்தையில சொல்லு."

"வாய்ப்பு இருக்குக்கா..."

"உன்னைப் படிக்க வெச்சதுக்கு எதிர்வீட்டுப் பூனையைப் படிக்க வெச்சிருக்கலாம். அது மழை வந்தா உள்ள ஓடவாவது செய்யும்."

வந்தது ரோஷம். அன்று சாயங்காலம் பின்வாசலை எல்லாம் அடைத்துவிட்டு எழுதினான்: 'நாளை வானம் முழுக்கத் தெளிவாக இருக்கும். மலைச் சிகரம் நாள் முழுவதும் தெரியும்.' எழுதிய கையோடு மறுநாள் மலைக்குப் போகும் பேருந்தில் டிக்கெட்டும் எடுத்தான். பதினோரு வருடமாக வரைபடத்தில் ஒரு முக்கோணமாக மட்டுமே பார்த்த மலை. தன் வாக்கு பலிப்பதை நேரில் போய்ப் பார்த்துவிடலாம் என்று ஆசை...

பார்த்தான். ஐந்தாவது கொண்டை ஊசி வளைவில் மேகம் ஆரம்பித்தது. எட்டாவது வளைவில் சாலையோரத் தடுப்புச்சுவரே தெரியவில்லை.

முன்னால் மைக் 'கர்ர்' என்று இருமியது.

"பயணிகள் கவனத்துக்கு... உங்க வலது பக்கம் இருக்கறதுதான் புகழ்பெற்ற நம்ம மலை. இப்போதைக்கு அதை மனசால பார்த்துக்கங்க."

பேருந்து சிரித்தது. வழிகாட்டிப் பெண் ஒரு கையில் மைக்கும் மறு கையில் கம்பியுமாக, வளைவுக்கு வளைவு சாய்ந்து சாய்ந்து நின்றாள்.

"என்மேல கோபப்படாதீங்க. நேத்து ரேடியோ கேட்டீங்கல்ல? வானம் முழுக்கத் தெளிவாம்! எழுதிக் குடுத்த மகானுபாவர் மட்டும் என் கையில கிடைச்சா, இந்த மைக் வயராலேயே கட்டி, லக்கேஜோட லக்கேஜா டிக்கியில போட்டுருவேன்."

எல்லாரும் சிரித்தார்கள். ஏழாம் சீட்டுக்காரனும் சிரித்தான். சந்தேகம் வரக்கூடாதே என்று கொஞ்சம் கூடுதலாகவே சிரித்தான். அதுவும் எல்லாரும் சிரித்து முடித்த பிறகு.

அவள் திரும்பிப் பார்த்தாள்.

அடேயப்பா, கண்ணா அது... இன்னும் பெய்யாத மழையை எங்கேயோ ஒளித்து வைத்துக்கொண்டு, வெளியே மட்டும் வெயிலடிக்கிற கண்கள். இந்த வானத்துக்கு என்ன அறிக்கை எழுதுவது? அவனுக்கு ஒன்றும் ஓடவில்லை.

"ஏழாம் சீட்டு சார், தூக்கம் கலைஞ்சுதா?"

"இல்ல... ஆமா... லேசா."

"என்ன வேலை சார் பார்க்கறீங்க? இவ்வளவு நிதானமா சிரிக்கறீங்க?"

"காத்து... காத்து சம்பந்தப்பட்ட வேலைங்க."

"ஏசி மெக்கானிக்கா! நல்லாயிருப்பீங்க... வாங்க, வாங்க!"

இல்லை என்று சொல்ல வாயைத் திறப்பதற்குள் அவனை ஒன்பதாம் சீட்டுக்கு இழுத்துப் போய்விட்டாள். அங்கே ஒரு அம்மாள் இரண்டு சால்வையைப் போர்த்திக்கொண்டு நடுங்கிக்கொண்டிருந்தார். தலைக்கு மேலே ஏசி ஓட்டை மூட மறுத்துச் சீறிக்கொண்டிருந்தது. வழிகாட்டி தன் கைபேசியில் விளக்கைப் போட்டுத் தூக்கிப் பிடித்தாள். அவன் அந்த மூடியைத் திருகினான், தட்டினான், ஒரு மெக்கானிக் எப்படி முகத்தை வைத்துக்கொள்வானோ அப்படி வைத்துக்கொண்டான். மூடி கையோடு வந்தது. வேறு வழியில்லாமல் கைக்குட்டையைச் சுருட்டி ஓட்டைக்குள் திணித்தான். சீறல் நின்றது.

"எனக்கே தோணியிருக்குமே சார் இது!" என்றாள். அவ்வளவு பக்கத்தில் அந்தச் சிரிப்பு... அவனுக்கு ஏசி இல்லாமலே குளிரடித்தது.

"அந்தத் தம்பியைப் படுத்தாத பாப்பா," என்று ஓட்டுநர் முன்னாலிருந்து குரல் கொடுத்தார்.

"டிரைவர் சார், நீங்க ரோட்டைப் பாருங்க."

"உத்தரவுங்க மேடம்."

அவள் குரலைத் தாழ்த்தினாள். "எங்கப்பா. வண்டியில ஏறிட்டா டிரைவர் சார். இறங்கினாத்தான் அப்பா. இல்லைன்னா மைக்கைப் பிடுங்கி அவரே பேச ஆரம்பிச்சுடுவார்."

"மேல போனாலாவது மலை தெரியுமாங்க?" என்று கேட்டான்.

"பார்ப்போம் சார்."

"சாப்பாடு எத்தனை மணிக்கு?"

"நேரம் வந்தா வரும் சார்."

"நீங்க எதுக்குமே நேரா பதில் சொல்ல மாட்டீங்களா?"

"தெரியும்னு சொல்லி, தெரியலைன்னா அடிக்க வருவாங்க சார். எங்க பொழப்பு உங்களுக்குப் புரியாது."

புரியாதாம்! அவன் பரிதாபமாகத் தலையாட்டினான்.

மலை உச்சிக்கு எதிரே ஒரு பார்வை மேடை. சுற்றிலும் கம்பி வேலி, நாணயம் போட்டால் காட்டும் தொலைநோக்கி, ஒரு டீக்கடை. வேலிக்கு அந்தப் பக்கம்... வெள்ளை. புதுமணத் தம்பதி ஒன்று அந்த வெள்ளையைப் பின்னணியாக வைத்துப் படம் எடுத்துக்கொண்டிருந்தது. மொட்டைமாடியில் வெள்ளைச் சுவரோரம் நின்றே எடுத்திருக்கலாம்.

சாப்பாடு முடிந்து எல்லாரும் மேடையிலேயே சுற்றிக்கொண்டிருந்தார்கள். மூன்று மணிக்கு, அவள் இரண்டு காகிதக் கோப்பையில் டீயோடு வந்து அவன் பக்கத்தில் நின்றாள்.

"மெக்கானிக் சாருக்கு ஸ்பெஷல் டீ."

வாங்கிக்கொண்டான். கொஞ்ச நேரம் இருவரும் ஒன்றும் இல்லாததைப் பார்த்தார்கள்.

"அதோ, பெஞ்சுல பாருங்க," என்றாள். ஓட்டுநர் தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். "பத்தொன்பது வருஷமா இந்த மலைக்கு வண்டி ஓட்டறார் சார். ஒரு தடவைகூட மலையைப் பார்த்ததில்ல."

"எப்படிங்க?"

"ஓட்டும்போது வளைவுல ரோட்டை விட்டுக் கண்ணெடுக்க முடியாது. மேல வந்தா வண்டியை விட்டு டிரைவர் நகரக்கூடாது, அது கம்பெனி ரூல். கீழ பார்க்கிங்லயே உட்கார்ந்திருப்பார். லீவுல போலாம்ப்பான்னா, லீவன்னிக்கு எவனாவது ஆபீசுக்குப் போவானாம்பார்." சிரிக்கப் பார்த்தாள், முடியவில்லை. "ரிட்டயர் ஆகப் போறார். இந்த வாரத்துல எந்த நாள் வேணா கடைசி ட்ரிப் வெச்சுக்கோ, வண்டியைப் பார்த்துக்க மாத்து டிரைவர் அனுப்பறோம், மேல போய்ப் பார்த்துட்டு வான்னாங்க. நேத்து ரேடியோவைக் கேட்டுட்டு நான்தான் இன்னிக்கேன்னு அடம் பிடிச்சேன்."

அவன் டீக் கோப்பையைக் கீழே வைத்துவிட்டான்.

அவள் அப்பாவிடம் போனாள். "தெரியலைன்னா என்ன பாப்பா... குளுகுளுன்னு எவ்வளவு நல்லாயிருக்கு!" என்று அவர் அவளைச் சமாதானப்படுத்துவது காதில் விழுந்தது. திட்டியிருந்தால்கூடத் தேவலை.

மூன்றரைக்கு அவள் கையைத் தட்டினாள். "எல்லாரும் வண்டிக்கு வாங்க. நாலரைக்கு மலைப்பாதைக் கேட்டை மூடிடுவாங்க, அதுக்குள்ள தாண்டணும்."

அப்போதுதான் அவன் கவனித்தான். காலையிலிருந்து பள்ளத்தாக்குப் பக்கமிருந்து அடித்த காற்றில் டீக்கடையின் துணி பேனர் மலையைப் பார்த்துப் படபடத்துக்கொண்டிருந்தது. இப்போது அது தொங்கியது... அசைந்தது... மெல்லப் பள்ளத்தாக்குப் பக்கம் திரும்பியது. வலது காதில் புதுக் குளிர். ஈரமில்லாத குளிர். மேலேயிருந்து இறங்குகிற காற்று... மேகத்தைக் கிழிக்கிற காற்று!

வாயை மூடிக்கொண்டு வண்டியில் ஏறினால் ஒரு தொல்லையும் இல்லை. அவன் நல்ல மெக்கானிக்காகவே ஊர் போய்ச் சேரலாம். அவளும் சிரித்தபடி கையாட்டுவாள். வாயைத் திறந்தால்... டிக்கிதான்.

ஓட்டுநர் தொப்பியை மாட்டிக்கொண்டு எழுந்தார். ஒரு தரம் அந்த வெள்ளையைத் திரும்பிப் பார்த்துவிட்டு நடந்தார்.

"கொஞ்சம் நில்லுங்க!" அவன் குரல் அவனுக்கே அந்நியமாக இருந்தது. "காத்து திரும்பிடுச்சு. அரை மணி நேரம் நின்னா மேகம் விலகும்னு நினைக்கறேன்."

வழிகாட்டி புருவத்தைத் தூக்கினாள். "ஏசி ரிப்பேர் பண்றவருக்கு இதெல்லாம்கூடத் தெரியுமா?"

"நான் மெக்கானிக் இல்லைங்க. அந்த மகானுபாவர்... நான்தான்."

யாரோ களுக்கென்று சிரித்தார்கள். அவள் சிரிக்கவில்லை. கண்ணில் காலையிலிருந்து அடித்துக்கொண்டிருந்த வெயில் சட்டென்று அணைந்தது.

"நீங்களா?"

"ரோஷத்துல எழுதிட்டேன். தப்புதான். ஆனா இப்போ சொல்றது ரோஷம் இல்லைங்க."

"அரை மணி நேரம் நின்னா மலை தெரியுமா? நிச்சயமா?"

பொய் சொல்ல இதைவிட நல்ல நேரம் கிடைக்காது. "நிச்சயம்னு சொல்ல முடியாது. இது எங்கப்பாவா இருந்தா, நான் நிப்பேன்."

அவள் அப்பாவைத் திரும்பிப் பார்த்தாள். ஓட்டுநர்தான் திரும்பி வந்து பெஞ்சில் உட்கார்ந்தார்.

"நாலு மணிக்குக் கிளம்பினா நாலு இருபத்தஞ்சுக்குக் கேட்டு. நான் ஓட்டிக்கறேன். உட்காருங்க தம்பி."

பத்து நிமிடம். வெள்ளை. இருபது நிமிடம். அதே வெள்ளை. முப்பத்தோரு பேர் பார்வையும் அவன் முதுகில் இருந்தது. மேடையிலிருந்து குதித்துவிடலாமா என்று பார்த்தால், எங்கே விழுவோம் என்றுகூடத் தெரியாத மேகம்...

முதலில் ஒரு கறுப்புக் கோடு. யாரோ பென்சிலால் இழுத்த மாதிரி. கோடு பாறையாயிற்று. பாறைக்கு மேலே பாறை, அதற்கு மேலே பனி... முடிந்துவிட்டது என்று கண் நின்ற இடத்துக்கு மேலேயும் மலை போய்க்கொண்டே இருந்தது. உச்சியில் சாயங்கால வெயில் பட்டு, பனி பொன்னாகப் பற்றிக்கொண்டது.

ஓட்டுநர் தொப்பியைக் கழற்றினார். "இவ்வளவு பெரிசா... இத்தனை வருஷம் என் முதுகுக்குப் பின்னாடியா நின்னுச்சு?"

"அப்பா..." என்று அவர் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள் வழிகாட்டி.

நாலு நிமிடம்தான். பிறகு மலை மறுபடியும் இழுத்துப் போர்த்திக்கொண்டது.

திரும்பும்போது அவள் தலைகளை எண்ணினாள். "நாலு... அஞ்சு... ஆறு... எட்டு..."

"ஒரு ஆள் குறையுதே பாப்பா?" ஓட்டுநர் கண்ணாடி வழியாகப் பார்த்தார்.

"குறையல டிரைவர் சார். சில பேர் இருந்தாலும் ஒண்ணுதான், இல்லைன்னாலும் ஒண்ணுதான்."

அவர் மீசைக்குள் சிரித்துக்கொண்டே கியரைப் போட்டார். வழியெல்லாம் மைக் ஏழாம் சீட்டைத் தவிர மற்ற எல்லாரோடும் பேசியது. அவன் திரையை விலக்கிவிட்டு உட்கார்ந்திருந்தான். இனி ஒளிந்துகொள்ள என்ன இருக்கிறது?

பணிமனையில் எல்லாரும் இறங்கினார்கள். ஓட்டுநர் சாவியை ஒப்படைக்க அலுவலகத்துக்குப் போனார். அவன் மட்டும் இறங்கவில்லை. அவள் சீட்டு சீட்டாகப் போர்வைகளை எடுத்து மடித்துக்கொண்டே பின்னாலிருந்து வந்தாள். அவனும் எழுந்து ஒரு போர்வையை எடுத்து, கோணலாக மடித்து நீட்டினான்.

அவள் அதைப் பிரித்து, மறுபடியும் மடித்தாள்.

"ரொம்பக் கோபமா?"

"அறிக்கை தப்பானதுக்கு யாராவது கோபப்படுவாங்களா? தினமும்தான் தப்பாகுது." போர்வையை ஓங்கித் தட்டினாள். "காலையிலேர்ந்து என் பக்கத்துல நின்னு, டீயைக் குடிச்சு, எங்கப்பா கதையெல்லாம் கேட்டீங்க... அப்பவாவது ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்ல?"

"பயமா இருந்துச்சு."

"என்ன, நிஜமாவே கட்டிப் போட்டுருவேன்னா?"

"என்கூடப் பேசறதை நிறுத்திடுவீங்களோன்னு."

அவள் கை நின்றது. வெளியே தகரக் கூரையில் தூறல் விழ ஆரம்பித்தது. இன்றைக்கு மழை என்றும் அவன் எழுதவில்லைதான்...

"எனக்குச் சுத்தி வளைச்சுப் பேசித்தான் பழக்கம்," என்றான். "இதை மட்டும் அப்படிச் சொல்ல வரலை. உங்களை எனக்குப் பிடிச்சிருக்கு. ரொம்ப. உங்களுக்கு?"

"நேரமாச்சு... வண்டியைப் பூட்டணும்."

"சரி."

"அப்பா வந்துடுவார்."

"சரிங்க..."

அவன் பையை எடுத்துக்கொண்டு படியில் இறங்கினான். முதல் படி. இரண்டாம் படி. தூறல் முகத்தில் பட்டது.

"இந்தாங்க!"

திரும்பினான். மடித்த போர்வைகளை மார்போடு அணைத்துக்கொண்டு அவள் படியின் மேலே நின்றாள். அந்தக் கண்களில் காலையிலிருந்து ஒளித்து வைத்திருந்த மழை இப்போது விளிம்புவரை வந்திருந்தது. ஆனால் உதட்டில் சிரிப்பு.

"பிடிச்சிருக்கு," என்றாள். "நாளைக்கு எனக்கு லீவு. காலையில பத்து மணிக்கு வீட்டுக்கு வந்து எங்கப்பாகிட்டப் பேசுங்க."