மூச்சை வெட்டிய குரல்

2005 ஐப்பசி. தெமோதரையின் பழைய பங்களாவுக்கு இராயப்பன் வந்து சேர்ந்தபோது பிற்பகல் மூன்று மணிதான். மழை மூட்டத்தில் ஜன்னல்களெல்லாம் கறுத்துக் கிடந்தன. கதவைத் திறந்த கிஷாந்தன் முகத்தைச் சுளித்தான். இவன் படத்துக்கு இசையமைக்கிறவனாம்! ஒழுங்காக வாசிக்கத் தெரிந்த வாத்தியம் ஒன்றுமில்லை. வெளிநாட்டு சீடி ஒன்றில் வயலினும் புல்லாங்குழலும் சின்ன மணிகளும் சுரம் சுரமாகப் பதிந்து கிடந்தன. கணினியோடு பூட்டிய கீபோர்டில் கட்டையை அமுக்கினால் தேவதைக் கதைக்கு ஏற்ற மெல்லிசை வரும். அதற்கே அத்தனை தலைக்கனம்.

“ஐயா, எம் பொஞ்சாதி நேசராணி தவறி இன்னிக்கு முப்பதாம் நாளுங்க. பூச முடிஞ்சி நேரா வாறேன். நீங்க கம்ப்யூட்டர்ல புடிச்ச அவ குரல ஒருக்கா கேக்கணும்ங்க.”

“அதெல்லாம் அழிச்சாச்சு. நீர் போம்.”

பச்சைப் பொய். மாதா கோயிலில் பாடுகிற நேசராணியைத் தேயிலைத் தோட்டத்து லய வீட்டிலிருந்து கூப்பிட்டு, நாள் முழுக்க ஒவ்வொரு சுரமாக ‘ஆ’ பாடவைத்தவன் இவன்தான். இழுப்பு நோய்க்காரி, இடையிடையே மூச்சு வாங்கினாள். ‘லயத்து மூச்சு’ என்று இளித்துக்கொண்டே அத்தனை மூச்சையும் வெட்டி எறிந்தான். பிறகு சுரத்தின் வாலை அதன் தலையோடு ஒட்டினான். கட்டையை அமுக்கியிருக்கும்வரை குரல் ஓயாது. என்ன கெட்டித்தனம் பாருங்கள்!

கிழவர் படியிறங்கியதும் கிஷாந்தன் கட்டையை அமுக்கினான். குரல் எழுந்தது. விரலை எடுத்தான்.

குரல் நிற்கவில்லை.

கணினியை அணைத்தான். வயரைப் பிடுங்கினான். அறையில் மெழுகுதிரிப் புகை மணத்தது.

குரல் அவன் தொண்டையிலிருந்து வந்துகொண்டிருந்தது.

வாயை மூட முடியவில்லை. மூச்சை உள்ளே இழுக்கவும் முடியவில்லை. ஐயோ, செத்துப்போவேனே! நெஞ்சு எரிய எரிய, சுவரைப் பிடித்துக்கொண்டு வாசலுக்கு ஓடினான்.

பாதி வழியில் இராயப்பன் நின்று திரும்பினார். ஓட்டமும் நடையுமாக வந்தார். ‘காப்பாத்துங்கோ’ என்று கத்தப் பார்த்தான்.

‘ஆ’ மட்டும்தான் வந்தது.

கிழவர் அந்தக் குரலுக்குக் காது கொடுத்தார். நீலம் பூத்துப்போன அவன் முகத்தை அவர் பார்க்கவேயில்லை. கண்ணை மூடிக்கொண்டு ஈரப் படியில் உட்கார்ந்தார்.

“நேசம்... நிப்பாட்டாத புள்ள. நா எங்கயும் போகல.”