பதினொரு மணிக் கடிதம்

முதல் வகுப்பில் அன்று காலை இருந்தவர்கள் இவர்கள்: நாற்காலியில் டீச்சர். முன் பெஞ்சில், அழுது முடித்த நான்கு பேர். நடு பெஞ்சில், இன்னும் அழுதுகொண்டிருந்த ஐந்து பேர். கடைசி பெஞ்சில், அழலாமா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டிருந்த மூன்று பேர். சன்னலுக்கு வெளியே, போக மனமில்லாமல் நின்ற இரண்டு அம்மாக்கள். வாசற்படியில், பையை மடியில் வைத்துக்கொண்டு, சிட்டு.

சிட்டு அழவில்லை. அதுதான் டீச்சருக்குக் குழப்பமாக இருந்தது. அழுகிற பிள்ளைகளுக்கு என்ன செய்ய வேண்டும் என்று அவருக்குத் தெரியும். அழாமல், உள்ளேயும் வராமல், வெளியேயும் போகாமல் உட்கார்ந்திருக்கும் பிள்ளையை என்ன செய்வது?

ஐந்தாம் வகுப்புக்கு ஆள் போனது. சிட்டுவின் அக்கா வகுத்தல் கணக்கைப் பாதியில் விட்டுவிட்டு எழுந்தாள்.

"உன் தங்கச்சி முதல் நாளே ஸ்ட்ரைக்கா?" என்றான் பக்கத்து பெஞ்ச் பையன். மற்றவர்கள் சிரித்தார்கள்.

அக்கா சிரிக்கவில்லை. காலையில் அம்மா சொன்னது அவள் காதிலேயே இருந்தது. அம்மாவுக்கும் இன்றுதான் முதல் நாள். இத்தனை நாள் வீட்டிலேயே தைத்துக்கொண்டிருந்தவர், இன்று முதல் தையல் கம்பெனிக்குப் போகிறார். "நீதான் பாத்துக்கணும், பெரியவளே" என்று பள்ளி வாசலில் சொல்லிவிட்டு, திரும்பிப் பார்த்துப் பார்த்துப் போனார்.

அக்கா வாசற்படியில் தங்கைக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"ஏன்டி உள்ள போகல? டீச்சர் அடிப்பாங்கன்னு பயமா?"

சிட்டு தலையை ஆட்டினாள். இல்லை.

"அம்மா வேணுமா?"

இல்லை.

"பின்ன என்னதான்டி?"

"மணி என்ன?" என்று கேட்டாள் சிட்டு.

"ஒன்பதரை."

"பதினொரு மணிக்கு நான் வீட்டுல இருக்கணும்க்கா."

"வீடு பூட்டியிருக்கே. சாவி அம்மாகிட்ட."

"வெளிப் படியில உக்காந்துக்குறேன். பரவால்ல."

அக்காவுக்கு ஒன்றும் விளங்கவில்லை. சிட்டு குரலைத் தாழ்த்தினாள்.

"தபால்கார மாமா வருவாருல்ல? கதவு பூட்டியிருந்தா அப்பா கடிதம் திரும்பிப் போயிடும். அன்னைக்குப் போச்சே."

அக்காவுக்குச் சட்டென்று எல்லாம் புரிந்தது.

அவர்களுடைய அப்பா கப்பலில் எஞ்சின் அறையில் வேலை செய்பவர். கரை தொடும் ஊர்களிலிருந்து கடிதம் எழுதுவார். எப்போதும் பதிவுத் தபால்தான். கையெழுத்துப் போட்டு வாங்க வேண்டும். போன வருடம் சிட்டுவுக்குக் காய்ச்சல் வந்தபோது, எல்லோரும் பத்து நாள் சித்தி வீட்டில் இருந்தார்கள். அந்த நேரம் பார்த்து வந்த கடிதம் கப்பல் கம்பெனி முகவரிக்கே திரும்பிப் போய்விட்டது. உறையின் மேல் 'கதவு பூட்டியிருந்தது' என்று எழுதியிருந்ததாம். அப்பா இரண்டு மாதம் என்ன ஆயிற்றோ ஏது ஆயிற்றோ என்று தவித்துப் போனார்.

"என்னாலதானே அப்படி ஆச்சு?" என்றாள் சிட்டு. "எனக்குக் காய்ச்சல் வந்ததாலதானே?"

அன்றிலிருந்து தினமும் பதினொரு மணிக்கு இவள் ஏன் கதவருகே போய் உட்கார்ந்தாள் என்பது அக்காவுக்கு இப்போதுதான் தெரிந்தது. விளையாட்டு என்றல்லவா எல்லோரும் நினைத்திருந்தார்கள்!

'லூசு மாதிரி பேசாதே' என்று சொல்ல வாய் வரை வந்தது. தங்கையின் முகத்தைப் பார்த்ததும் அதை விழுங்கிவிட்டாள்.

"காய்ச்சல் யாரையும் கேட்டுக்கிட்டா வருது? உன்மேல ஒரு தப்பும் இல்ல" என்றாள். "நாம இங்க இருக்குறது மாமாவுக்குத் தெரிஞ்சா, கடிதத்தை இங்கயே கொண்டு வந்துடுவாருல்ல?"

"அவருக்கு எப்படித் தெரியும்?"

"எழுதிச் சொல்லுவோம்."

"தபால்காரருக்கேவா கடிதம்?" சிட்டுவின் கண்கள் அகலமாயின.

"ஏன், ஊருக்கெல்லாம் கடிதம் குடுக்குறவருக்கு ஒண்ணு வரக் கூடாதா?"

அக்கா டீச்சரிடம் போய் நடந்ததைச் சொன்னாள். டீச்சர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டு, மேசையிலிருந்து ஒரு வெள்ளைத்தாளும் உறையும் பசை டப்பாவும் எடுத்துக் கொடுத்தார்.

"பத்து மணிக்கு ஆபீஸ் அண்ணன் தபால் ஆபீசுக்குப் போவார். அதுக்குள்ள எழுதி முடிங்க."

வாசற்படியிலேயே வேலை தொடங்கியது. சிட்டு சொல்லச் சொல்ல அக்கா எழுதினாள்.

'அன்புள்ள தபால்கார மாமாவுக்கு, வணக்கம். இன்று முதல் எங்கள் வீடு பகலில் பூட்டியிருக்கும். அம்மா வேலைக்குப் போகிறார். நாங்கள் பள்ளியில் இருக்கிறோம். எங்கேயும் போய்விடவில்லை. அப்பாவின் கடிதம் வந்தால் திருப்பி அனுப்ப வேண்டாம். முதல் வகுப்புக்குக் கொண்டு வரவும்.'

"யார் கையெழுத்துப் போடுவா? எனக்குத்தான் எழுதவே தெரியாதே!" சிட்டுவுக்கு மறுபடியும் கவலை வந்துவிட்டது.

"நான் போடறேன்" என்றார் டீச்சர். "நீ கத்துக்குற வரைக்கும்."

சிட்டு அவரை முதல் முறையாக நிமிர்ந்து பார்த்தாள். "அதையும் எழுதுக்கா."

அக்கா எழுதினாள். கீழே அம்மாவின் பெயரையும் வீட்டு எண்ணையும் தெருவையும் தெளிவாக எழுதி, ஒரு முறை படித்துக் காட்டினாள். டீச்சர் ஓரத்தில் இரண்டு வரி சேர்த்துக் கையெழுத்துப் போட்டார்.

ஆபீஸ் அண்ணன் சைக்கிளோடு வந்து நின்றார். "தபால்காரர் அங்கதான் தபால் கட்டைப் பிரிச்சுட்டு இருப்பார். கையிலயே குடுத்துடறேன். இதுக்கு ஸ்டாம்ப்கூட வேணாம்."

"ஆனா உறையை ஒட்டணும்" என்றாள் சிட்டு கண்டிப்பாக. "ஒட்டாம அனுப்புனா அது கடிதமே இல்ல."

"உத்தரவு அம்மா!" என்றார் அவர்.

சிட்டு தானே தாளை மடித்தாள். உறைக்குள் வைத்தாள். விரலில் பசையைத் தொட்டு ஓரம் முழுக்கத் தடவி, இரண்டு உள்ளங்கைகளாலும் அழுத்திப் பிடித்துக்கொண்டாள். ஒட்டிவிட்டதா என்று இழுத்துப் பார்த்தாள். பிறகுதான் கொடுத்தாள்.

சைக்கிள் பள்ளி வாசலைத் தாண்டி, தெருமுனையில் திரும்பும் வரை நின்று பார்த்தாள். பிறகு பசை ஒட்டிய விரலைப் பாவாடையில் துடைத்துவிட்டு, பையை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள்.